வெள்ளியைத் தேடிக் கடல் கடந்தவர்

விடியற்காலையில் கீழ்வானில் தனித்து ஒளிரும் விடிவெள்ளியை அறியாதார் நம்மில் இலர். பேராக் மாநிலத்து ரப்பர்த் தோட்டங்களில் உழைத்த நம் முன்னோர் இருள் பிரியுமுன் எழுந்து பிரட்டுக் களத்திற்கு நடந்தபோது, அவர்களுக்கு முன்னரே விழித்திருந்தது அவ்வெள்ளிதான். கடிகாரம் இல்லாத வீடுகளில் அதுவே கடிகாரமாக இருந்தது. பால்மரங்கள் சாய்க்கப்பட்டுச் செம்பனை நடப்பட்ட பின்னரும், லயங்கள் பல ஆளற்றுப் போன பின்னரும், வெள்ளி தன் வழக்கத்தை மாற்றிக்கொள்ளவில்லை. சில மாதங்கள் விடியலில் கிழக்கே தோன்றும். பிறகு சில மாதங்கள் மாலையில் மேற்கே தோன்றும். இரண்டும் வெவ்வேறு மீன்கள் என்று எண்ணியவர்களும் உலகில் உண்டு. உண்மையில் அது மீனே அன்று. நம் பூமியைப் போலச் சூரியனைச் சுற்றிவரும் பாறைக்கோள். நம் சங்கப் புலவர்கள் வெள்ளி தென்திசை சென்றால் மழை பொய்க்கும் என்று கருதினர். பட்டினப்பாலை என்னும் நூல் அக்கருத்துடன்தான் தொடங்குகின்றது.

இவ்வெள்ளிக் கோள் சூரியனுக்கு முன்னே ஒரு சிறு கரும்புள்ளியாக நகர்ந்து செல்லும் காட்சியை அளந்தறிய விரும்பி, பதினொன்றரை ஆண்டுகள் தாயகத்தைப் பிரிந்து வாழ்ந்த ஒரு பெருமகனின் வரலாற்றை இம்மலரில் உங்களுக்குக் கூற விழைகின்றேன். அவர் பிரெஞ்சு நாட்டவர். ஆயினும் அவர் வாழ்வின் மிக முக்கியமான நாள் விடிந்தது தமிழ் மண்ணாகிய புதுச்சேரியில். ஆகவே அவர் நமக்கு முற்றிலும் அயலார் அல்லர்.

அவர் பெயர் கியோம் லெ ஜாந்தி. 1725ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 12ஆம் நாள், பிரான்சின் வடமேற்கே நார்மண்டிப் பகுதியிலுள்ள கூத்தான்ஸ் என்னும் ஊரில் பிறந்தார். குடும்பம் மதிப்புள்ளது, செல்வம் மிக்கதன்று. சமயக் கல்வி கற்றுக் குருவாக வேண்டும் என்னும் நோக்கத்துடன் அவர் பாரிஸ் மாநகருக்கு வந்தார். அங்கே தெலீல் என்னும் வானநூற் பேராசிரியரின் விரிவுரையை ஒருமுறை கேட்டார். அதனால் அவருடைய மனம் வானத்தின்பால் திரும்பிற்று. சமயக் கல்வியை விட்டு, பாரிஸ் வானாய்வுக் கூடத்தில் காசினி குடும்பத்தாரிடம் பயிற்சி பெற்றார். 1749ஆம் ஆண்டில், ஆண்டிரோமேடா என்னும் பெரும் விண்மீன் திரளுக்கு அருகில் மங்கலாகத் தெரியும் ஒரு சிறு திரளை முதன்முதலாகக் கண்டு குறித்தவர் இவரே. 1753இல் பிரெஞ்சு அறிவியற் கழகத்தில் உறுப்பினரானார். அப்போது அவருக்கு வயது 28 நிரம்பவில்லை.

இனி அவர் எதற்காகக் கடல் கடந்தார் என்பதைச் சற்று நின்று விளக்கவேண்டும். இல்லையேல் ஒரு கரும்புள்ளிக்காகவா இத்தனை துன்பம் என்று நீங்கள் நினைக்கக்கூடும்.

அக்காலத்து அறிஞர்களுக்குக் கோள்களின் வரிசை தெரியும். ஒன்றுக்கொன்று எத்தனை மடங்கு தொலைவு என்பதும் கெப்ளர் என்னும் அறிஞரின் விதியால் தெரியும். சூரியனிலிருந்து பூமி 100 பங்கு தொலைவில் இருந்தால் வெள்ளி 72 பங்கு தொலைவில் இருக்கும் என்று அவர்கள் கணக்கிட்டுச் சொல்ல முடிந்தது. ஆனால் ஒரு பங்கு என்பது எத்தனை கல் தொலைவு? அதை எவராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. நில வரைபடம் ஒன்று கையில் இருந்தும் அதன் அளவுகோல் கிழிந்துபோனது போன்ற நிலை அது. ஏதாவது ஒரு தொலைவு தெரிந்துவிட்டால் மற்றவை யாவும் தாமே தெரிந்துவிடும்.

நீங்கள் ஈப்போவிலிருந்து ரயிலில் செல்லும்போது கவனித்திருப்பீர்கள். பாதையோரத்து மரங்கள் விரைந்து பின்னே ஓடும். தொலைவிலுள்ள சுண்ணாம்புக் குன்றுகள் மெல்ல நகரும். அதற்கும் அப்பாலுள்ள பெரிய மலைத்தொடர் அசையாதது போல் நிற்கும். பார்ப்பவர் இடம் மாறும்போது அருகிலுள்ள பொருள் அதிகமாக இடம் மாறுவது போல் தோன்றுகின்றது. எவ்வளவு மாறுகின்றது என்பதை அளந்தால் அது எவ்வளவு தொலைவில் உள்ளது என்பதைக் கணிதத்தால் அறியலாம். பூமியின் வெவ்வேறு மூலைகளிலிருந்து ஒரே நாளில் பலர் வெள்ளியைப் பார்த்தால், அது சூரிய வட்டத்தின்மேல் சற்றே வெவ்வேறு கோடுகளில் நகர்வதாகத் தெரியும். உள்ளே நுழையும் நேரத்தையும் வெளியேறும் நேரத்தையும் நொடி பிசகாமல் குறித்து ஒப்பிட்டால் சூரியனின் தொலைவு கிடைத்துவிடும். 1716இல் இவ்வழியை விரிவாக எடுத்துக் கூறியவர் ஆங்கில அறிஞர் எட்மண்ட் ஹாலி. அடுத்த வாய்ப்பு 1761இல்தான் வரும் என்றும், தாம் அதுவரை உயிருடன் இருக்கப்போவதில்லை என்றும் அவருக்குத் தெரியும். 1742இல் அவர் மறைந்தார்.

வெள்ளி சூரியனைக் கடந்து செல்வது அத்தனை அரிய நிகழ்ச்சி. வெள்ளியின் பாதை பூமியின் பாதைக்கு ஏறத்தாழ 3.4 பாகை சாய்ந்திருப்பதால் பெரும்பாலும் அது சூரியனுக்கு மேலாகவோ கீழாகவோ விலகிச் சென்றுவிடும். நேராகக் குறுக்கிடுவது எட்டாண்டு இடைவெளியில் இருமுறை. அதன்பின் நூறாண்டுகளுக்கு மேல் இல்லை. 1639இல் அதைக் கண்டவர்கள் இங்கிலாந்தில் இரண்டே பேர். அதன்பின் 1761, 1769. பிறகு 1874, 1882. அண்மையில் 2004ஆம் ஆண்டு ஜூன் 8ஆம் நாள் பிற்பகலிலும், 2012ஆம் ஆண்டு ஜூன் 6ஆம் நாள் காலையிலும் நம் மலேசியாவிலேயே காண முடிந்தது.  அடுத்தது 2117ஆம் ஆண்டு டிசம்பர் 11ஆம் நாள். சூரியனை வெறுங்கண்ணால் ஒருபோதும் பார்க்கலாகாது என்பதையும் இவ்விடத்திலேயே சொல்லிவைக்கின்றேன். கண் போனால் எந்த வானநூலும் பயன்படாது.

1761க்காக ஐரோப்பிய நாடுகள் பெரும் ஏற்பாடு செய்தன. நூற்றுக்கு மேற்பட்டோர் பல இடங்களில் தொலைநோக்கிகளுடன் காத்திருந்தனர். பிரெஞ்சுக் கழகம் ஷாப் என்பவரை உறைபனி மிக்க சைபீரியாவுக்கும், பாங்கிரே என்பவரை இந்தியப் பெருங்கடலிலுள்ள ரோட்ரிக்ஸ் தீவுக்கும், லெ ஜாந்தியைப் புதுச்சேரிக்கும் அனுப்பிற்று. புதுச்சேரி அன்று பிரெஞ்சுக்காரர் ஆட்சியில் இருந்தது.

1760ஆம் ஆண்டு மார்ச் 26ஆம் நாள் அவர் கப்பலேறினார். வெள்ளி குறுக்கிடும் நாளுக்கு இன்னும் பதினான்கு மாதங்களுக்கு மேல் இருந்தன. இத்தனை முன்கூட்டிப் புறப்பட்டவரைக் காலந்தாழ்த்தினார் என்று எவர் குறை கூற முடியும்? ஜூலைத் திங்களில் அவர் இன்றைய மொரிசியஸ் தீவை அடைந்தார். அன்று அத்தீவு பிரெஞ்சுக்காரருடையது. புதுச்சேரியிலிருந்து சென்ற தமிழ்க் கொத்தர்களும் தச்சர்களும் அத்தீவின் துறைமுக நகரைக் கட்டியெழுப்ப முன்னரே உழைத்திருந்தனர். தமிழர் கடல் கடந்து உழைத்த வரலாறு நம் தோட்டங்களுக்கும் முந்தியது என்பதை இடையே நினைவிற் கொள்க.

அங்கே அவருக்குக் கெட்ட செய்தி காத்திருந்தது. பிரான்சுக்கும் இங்கிலாந்துக்கும் போர். புதுச்சேரியை ஆங்கிலேயர் முற்றுகையிட்டிருந்தனர். அத்திசையில் செல்லும் கப்பல் இல்லை. மாதங்கள் கழிந்தன. வயிற்றுக்கடுப்பு நோயும் அவரை வாட்டிற்று. 1761 மார்ச்சில் ஒருவழியாக ஒரு போர்க்கப்பல் புறப்பட்டது, அதில் ஏறினார். காற்று சாதகமாக இல்லை. பல வாரங்கள் அரபிக்கடலில் அலைக்கழிக்கப்பட்டு, மே இறுதியில் மலையாளக் கரையிலுள்ள மாஹிக்கு அருகே வந்தபோதுதான் உண்மை தெரிந்தது. மாஹியும் ஆங்கிலேயர் வசம். புதுச்சேரி சனவரியிலேயே வீழ்ந்துவிட்டது. கப்பற்றலைவன் கப்பலை வந்த வழியே திருப்பினான்.

1761 ஜூன் 6ஆம் நாள் வானம் தெளிவாக இருந்தது. வெள்ளி குறித்த நேரத்தில் சூரியனைக் கடந்தது. லெ ஜாந்தி அதைக் கண்ணாரக் கண்டார். ஆனால் அவர் நின்றது நடுக்கடலில், ஆடும் கப்பலின் தளத்தில். ஊசற் கடிகாரம் ஆடும் தளத்தில் ஓடாது. கப்பல் எத்தீர்க்கக் கோட்டில் இருக்கிறது என்பதையும் அக்காலத்தில் துல்லியமாக அறிய இயலாது. இடமும் நேரமும் உறுதியில்லாத கணக்கு கணக்காகாது. காட்சி கிடைத்தது, பயன் கிடைக்கவில்லை.

வேறொருவராயின் ஊர் திரும்பியிருப்பார். இவர் திரும்பவில்லை. எட்டாண்டுகள் கழித்து 1769இல் மீண்டும் ஒரு வாய்ப்பு உண்டு; அதன்பின் தம் வாழ்நாளில் இல்லை. மொரிசியசிலேயே தங்கிவிடத் துணிந்தார். அந்த ஆண்டுகளில் அவர் சோம்பி இருக்கவில்லை. மடகாஸ்கர் தீவின் கிழக்குக் கரையை அளந்து வரைபடம் வகுத்தார். காற்றின் போக்கையும் கடல் ஏற்றவற்றத்தையும் செடிகொடிகளையும் ஆராய்ந்தார். பிறகு 1769க்கு எவ்விடம் சிறந்தது என்று கணித்துப் பிலிப்பைன் தீவுகளிலுள்ள மணிலாவே தக்கது என்று முடிவு செய்து, 1766 ஆகஸ்டில் அங்கே சென்று சேர்ந்தார். அங்கிருந்த இஸ்பானிய ஆளுநர் அவரை நம்பவில்லை. தாய்நாட்டிலிருந்து அவர் பெற்ற கடிதங்களையே ஐயுற்றார். இதற்கிடையில் போர் முடிந்து, 1763ஆம் ஆண்டு உடன்படிக்கையின்படி புதுச்சேரி மீண்டும் பிரெஞ்சுக்காரரிடம் வந்திருந்தது. அங்கே செல்வதே நன்று என்று கழகமும் தெரிவித்தது. ஆகவே 1768 பிப்ரவரியில் மணிலாவை விட்டுப் புறப்பட்டார்.

அக்கப்பல் மலாக்கா நீரிணை வழியாகச் சென்றது. அஃதாவது நம் பேராக் கடற்கரைக்கும் சுமத்திராவுக்கும் இடையே அவர் பயணம் செய்திருக்கின்றார். பிற்காலத்தில் நம் பாட்டன் பூட்டன்மார் நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்குக்கு வந்த அதே கடலில், அவர்களுக்கு எதிர்த்திசையில் இவர் சென்றார்.

1768 மார்ச் 27ஆம் நாள் புதுச்சேரியில் இறங்கினார். புறப்பட்டு எட்டாண்டுகள் கழித்து, செல்லவேண்டிய இடத்தை அடைந்தார். ஆளுநர் லா அவரை அன்புடன் வரவேற்றார். ஆங்கிலேயரால் இடித்துத் தரைமட்டமாக்கப்பட்ட கோட்டையின் எஞ்சிய சுவர்கள்மேல் அவருக்கென ஒரு வானாய்வுக் கூடம் கட்டப்பட்டது. அதன் அடியிலிருந்த நிலவறையில் வெடிமருந்து சேமித்து வைக்கப்பட்டிருந்தது. அதன்மேல் அமர்ந்துதான் அவர் ஒவ்வோர் இரவும் விண்மீன்களை அளந்தார். இன்னொன்றையும் சொல்லவேண்டும். சென்னையிலிருந்த ஆங்கிலேயர், சில ஆண்டுகளுக்கு முன் பகைவராக இருந்தவர்கள், அவருக்கு ஒரு சிறந்த தொலைநோக்கியைக் கொடுத்து உதவினர்.

காத்திருந்த காலத்தில் அவர் செய்த வேறொரு செயலே, தமிழராகிய நமக்கு அவரை நெருக்கமானவராக ஆக்குகின்றது. தமிழ் நாட்டில் பஞ்சாங்கம் கணிப்போர் எவ்வாறு கிரகணத்தை முன்கூட்டிச் சொல்கின்றனர் என்பதை அறிய அவர் விரும்பினார். அவர்களிடம் மாணவரைப்போல் அமர்ந்து கற்றார். அவர்கள் காகிதமும் எழுதுகோலும் பயன்படுத்தவில்லை. தரையில் அமர்ந்து சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த பாக்களை ஓதிக்கொண்டே, சோழிகளைக் கூட்டியும் எடுத்தும் வியத்தகு விரைவில் கணக்கை முடித்தனர். தமிழ்க் கணியர் ஒருவரின் கணக்கை, 1765 ஆகஸ்ட் 30ஆம் நாள் நிகழ்ந்த சந்திர கிரகணத்தைக் கொண்டு அவர் சரிபார்த்தார். கிரகணம் நீடித்த நேரத்தில் தமிழரின் கணக்கு 41 விநாடி குறைவாக இருந்தது. ஐரோப்பாவில் அந்நாளில் சிறந்ததெனப் போற்றப்பட்ட மேயர் என்பவரின் அட்டவணையோ 68 விநாடி அதிகமாகக் காட்டிற்று.

இவ்விரு எண்களை எடுத்துக்கொண்டு, மேல்நாட்டாரை நாம் அன்றே வென்றுவிட்டோம் என்று மேடையில் முழங்குவோர் உளர். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஒரு கிரகணத்தை வைத்து இரு நாட்டுக் கணிதத்தை எடைபோடலாகாது. ஆயினும் தொலைநோக்கியும் அட்டவணையும் இன்றி, சோழிகளையும் நினைவாற்றலையும் மட்டும் கொண்டு ஒரு நிமிடத்திற்கும் குறைந்த பிழையுடன் கணித்தார்கள் என்பது சிறிய செயலன்று. அதைக் கேட்டறிந்து, மறைக்காமல், தம் நாட்டாருக்குத் தம் நூலில் எழுதிவைத்த லெ ஜாந்தியின் நேர்மையும் சிறிதன்று. அயல்நாட்டிலிருந்து அதிகாரத்துடன் வந்தவர் பலர். கேட்டுக் கற்றவர் சிலரே.

1769ஆம் ஆண்டு வந்தது. மே மாதம் முழுவதும் புதுச்சேரியில் காலைப்பொழுதுகள் தெளிவாகவே இருந்தன. இம்முறை வெள்ளி நள்ளிரவுக்குப் பின் சூரியனுக்குள் நுழையும். ஆகவே நுழைவு அவ்வூரில் தெரியாது. சூரியன் உதிக்கும்போது வெள்ளி அதன்மேல் இருக்கும். காலை ஏழு மணி அளவில் விலகும். அவருக்கு வேண்டியது அந்த விலகும் நொடி ஒன்றே. ஜூன் 3ஆம் நாள் இரவு ஆளுநருடன் வியாழனின் துணைக்கோளைத் தெளிவாகக் கண்டார். எல்லாம் ஆயத்தமாக இருந்தது.

ஜூன் 4, ஞாயிற்றுக்கிழமை. விடியலுக்கு முன்னரே அவர் விழித்துக்கொண்டார். வானெங்கும் மேகம். விடியும் வேளையில் காற்று சீறி எழுந்தது. கடல் நுரைத்து வெண்மையாயிற்று. மேகம் முன்னிலும் அடர்ந்தது. கூடத்தில் அவர் அசையாமல் அமர்ந்திருந்தார். ஏழு மணிக்கு வெள்ளி விலகிற்று. மேகத்திற்குப் பின்னால் ஒரு வெளிறிய ஒளி தெரிந்ததேயன்றி வேறொன்றும் தெரியவில்லை. சிறிது நேரம் சென்றபின் காற்று அடங்கிற்று. மேகம் கலைந்தது. சூரியன் வெளிப்பட்டு அன்று மாலைவரை பளிச்சென்று காய்ந்தது.

அவர் விட்டுவந்த மணிலாவில் அன்று காலை வானம் தெளிவாக இருந்தது என்னும் செய்தி பின்னர் வந்தது.

இரண்டு வாரங்களுக்கு மேலாக அவரால் தம் நாட்குறிப்பைத் தொட இயலவில்லை. எழுதுகோலை எடுப்பார்; அது கையிலிருந்து நழுவும். இதைப் படிக்கும்போது, தேர்வில் ஒரு மதிப்பெண் குறைந்ததற்கே மூன்று நாள் முகம் வாடியிருக்கும் என் மாணவர்களை நினைத்துக்கொள்வதுண்டு. அவர்களைக் குறை கூறவில்லை. துயரம் அளவைப் பொறுத்ததன்று. இவருடைய துயரத்திற்குப் பொறுப்பென்று சுட்ட ஆளும் இல்லை. போரைக் குறை கூறலாம். காற்றையும் மேகத்தையும் யாரிடம் சென்று முறையிடுவது?

அவருடைய தோழர் ஷாப், 1769இல் அமெரிக்காவின் கலிபோர்னியத் தீபகற்பத்திற்குச் சென்றார். அங்கே வானம் தெளிவாக இருந்தது. அவர் முழுமையாகக் கண்டு அளந்தார். ஆனால் அவ்வூரில் பரவிய கொள்ளை நோய்க்கு ஆகஸ்ட் முதல் நாளில் இரையானார். இவர்கள் இருவரில் பேறு பெற்றவர் யார் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. உங்கள் வகுப்பில் விவாதித்துப் பாருங்கள்.

இத்தனைக்கும் பணி வீண்போகவில்லை. உலகின் பல மூலைகளிலிருந்து வந்த அளவுகளை ஒன்றுதிரட்டி, 1771இல் லலாந்து என்னும் பிரெஞ்சு அறிஞர் சூரியனின் தொலைவு ஏறத்தாழ 15 கோடியே 30 லட்சம் கிலோமீட்டர் எனக் கணித்தார். இன்று நாம் அறிந்த அளவு 14 கோடியே 96 லட்சம் கிலோமீட்டர். அக்காலக் கருவிகளைக் கொண்டு இத்தனை அருகில் வந்தது பெரிது. லெ ஜாந்தியின் அளவு அதில் ஒன்றுகூட இல்லை.

மேகம் மறைத்ததால் அவர் இழந்த அந்தக் கோளே மேகத்தால் முழுதும் மூடப்பட்டது. வெள்ளிக்குக் காற்றுமண்டலம் உண்டு என்பதை 1761ஆம் ஆண்டுக் காட்சியின்போது, சூரிய விளிம்பில் தோன்றிய ஒளிவளையத்தைக் கொண்டு ரஷ்ய அறிஞர் லொமனோசவ் உய்த்துணர்ந்தார். அம்மண்டலத்தின் இயல்பு அறியப்பட இன்னும் இருநூறு ஆண்டுகள் சென்றன. வெள்ளியின் விட்டம் 12,104 கிலோமீட்டர், பூமியினுடையது 12,756. அளவில் உடன்பிறந்தாரைப்போல் இருப்பினும் இயல்பில் முற்றும் வேறு. வெள்ளியின் காற்றில் 96 விழுக்காட்டுக்கு மேல் கரியமில வாயு. அது சூரிய வெப்பத்தை வெளியேற விடாமல் பிடித்துவைத்துக்கொள்வதால் தரையின் வெப்பம் ஏறத்தாழ 465 பாகை செல்சியஸ். ஈயம் அங்கே உருகி ஓடும். சூரியனுக்கு இன்னும் அருகிலுள்ள புதனைவிட வெள்ளியே வெப்பம் மிக்கது என்பது வியப்பன்றோ? காற்றின் அழுத்தம் நம் தரையிலுள்ளதைவிட 90 மடங்குக்கும் மேல். மேகங்களோ நீராலானவை அல்ல. கந்தக அமிலத் துளிகளாலானவை. அம்மேகங்கள் சூரிய ஒளியைப் பெரும்பாலும் திருப்பி அனுப்புவதனால்தான் விடிவெள்ளி நம் கண்ணுக்கு அத்தனை அழகாக ஒளிர்கின்றது.

அது சுழலும் முறையும் விந்தையானது. மற்றக் கோள்களில் பெரும்பாலானவை சுழலும் திசைக்கு எதிராகச் சுழல்கின்றது. அங்கே நின்று பார்க்க முடிந்தால் சூரியன் மேற்கே உதித்துக் கிழக்கே மறையும். சூரியனை ஒருமுறை சுற்ற அதற்கு 225 நாட்கள். தன்னைத்தானே ஒருமுறை சுற்ற 243 நாட்கள். துணைக்கோள் இல்லை. 1970 டிசம்பரில் சோவியத் நாட்டின் வெனேரா 7 அதன் தரையில் இறங்கிச் செய்தி அனுப்பிற்று. வேறொரு கோளின் தரையிலிருந்து செய்தி வந்தது அதுவே முதன்முறை. 1982இல் இறங்கிய வெனேரா 13 அந்த வெப்பத்திலும் அழுத்தத்திலும் 127 நிமிடங்கள் தாக்குப்பிடித்து, தட்டையான பாறைகள் நிறைந்த தரையை வண்ணப்படமாக அனுப்பியது. பின்னர் அமெரிக்காவின் மெகல்லன் விண்கலம் ரேடார் அலைகளால் மேகத்தை ஊடுருவி 1990 முதல் 1994 வரை அக்கோளின் நிலத்தை வரைபடமாக்கிற்று. எரிமலைகளும் எரிமலைக் குழம்பு பரந்த சமவெளிகளும் அங்கே மிகுதி.

லெ ஜாந்தியிடம் திரும்புவோம். 1770 மார்ச் முதல் நாள் அவர் புதுச்சேரியை விட்டுப் புறப்பட்டார். உடல்நலம் குன்றியிருந்தது. மொரிசியசிலிருந்து தாயகம் நோக்கிச் சென்ற கப்பலைப் புயல் தாக்கிற்று. பாய்மரங்கள் சிதைந்து, புறப்பட்ட துறைமுகத்திற்கே அக்கப்பல் திரும்பிற்று. பிறகு ஓர் இஸ்பானியக் கப்பலில் இடம் பெற்று, நன்னம்பிக்கை முனையைப் பெரும் போராட்டத்துடன் கடந்து, 1771 ஆகஸ்டில் இஸ்பானியாவின் காடிஸ் துறைமுகத்தை அடைந்தார். இனிக் கடல் வேண்டாம் என்று எண்ணினார்போலும். தரைவழியே சென்று பிரனீஸ் மலையைக் கடந்து, அக்டோபர் 8ஆம் நாள் பிரான்சு மண்ணில் கால்வைத்தார்.

அங்கே அவர் இறந்தவராகக் கருதப்பட்டிருந்தார். அவர் எழுதிய மடல்களில் பல வந்து சேரவில்லை. உறவினர் அவருடைய சொத்தைப் பங்கிட்டுக்கொள்ள முனைந்திருந்தனர். தாம் உயிருடன் இருப்பதைத் தாமே நேரில் வந்து மெய்ப்பிக்க வேண்டியதாயிற்று. அவருடைய பொருளைக் காத்துவந்த முகவர் பணத்தை இழந்துவிட்டார். வழக்குத் தொடுத்தும் அது கிடைக்கவில்லை. வழக்குச் செலவும் அவர் தலையிலேயே விழுந்தது. அறிவியற் கழகத்தில் அவர் இருக்கையில் வேறொருவர் அமர்ந்திருந்தார். பல ஆண்டுகள் திரட்டிய அரும்பொருள்கள் அடங்கிய எட்டுப் பெட்டிகள் மொரிசியசிலேயே தங்கித் தொலைந்துபோயின.

இவ்வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் இவ்விடத்தில் நிறுத்திவிட்டு, உலகிலேயே நற்பேறற்ற வானநூலார் இவர்தாம் என்று முடித்துவிடுகின்றனர். அது பாதிக் கதை. கழகத்தில் அவருக்கு மீண்டும் இடம் கிடைத்தது. நார்மண்டியைச் சேர்ந்த ஒரு நங்கையை மணந்தார். ஒரு பெண்மகவு பிறந்தது. பாரிஸ் வானாய்வுக் கூடத்து இல்லத்திலேயே குடும்பத்துடன் வாழ்ந்தார். இந்தியப் பெருங்கடற் பயணத்தைப் பற்றி இரண்டு பெரும் தொகுதிகள் எழுதினார். முதலாவது 1779இலும் இரண்டாவது 1781இலும் வெளிவந்தன. பருவக்காற்று, கடல் நீரோட்டம், மடகாஸ்கர், மணிலா, புதுச்சேரி மக்களின் வாழ்க்கை, தமிழர் கணிதம் ஆகிய யாவும் அதில் உண்டு. வெள்ளியை ஒழுங்காக அளந்து உடனே ஊர் திரும்பியிருந்தால் அந்நூலை அவர் எழுதியிருக்க மாட்டார். சோழிகளைக் கொண்டு கணித்த நம் முன்னோரைப் பற்றி ஐரோப்பியர் அறிந்ததும் தாமதமாகியிருக்கும்.

அடுத்து 1874இல் வெள்ளி சூரியனைக் கடந்தபோது தென்னாட்டார் வெறும் பார்வையாளராக இருக்கவில்லை. சென்னை வானாய்வுக் கூடத்தில் பணியாற்றிய சிந்தாமணி இரகுநாதாச்சாரியார், நிகழ்ச்சிக்கு முன்னரே அதனை மக்களுக்கு விளக்கி இந்திய மொழிகளில் நூல் வெளியிட்டார். விசாகப்பட்டினத்தில் நரசிங்கராவ் என்பவர் தம் சொந்த வானாய்வுக் கூடத்திலிருந்தே கண்டு குறித்தார்.

லெ ஜாந்தி 1792ஆம் ஆண்டு அக்டோபர் 22ஆம் நாள், தம் 67ஆம் வயதில் பாரிசில் மறைந்தார். பிரெஞ்சுப் புரட்சியின் பேரிரைச்சலில் அவர் மறைவை அதிகம் பேர் கவனித்திருக்க மாட்டார்கள். நிலவின் தென்விளிம்புக்கு அருகில், 100 கிலோமீட்டருக்கும் மேல் அகன்ற ஒரு பெரும் பள்ளத்திற்குப் பிற்காலத்து அறிஞர்கள் அவர் பெயரைச் சூட்டியிருக்கின்றனர். அது விளிம்பை ஒட்டியிருப்பதனால் பூமியிலிருந்து நேராகத் தெரியாது. நிலவு சற்றே சாய்ந்து காட்டும் நாட்களில், நல்ல தொலைநோக்கியுடன் காத்திருந்தால் காணலாம்.